"செயல் அலகு" வேண்டாம், "ஒருவினைக் கூட்டு" சரிப்படுமா?

வணக்கம்.

சுங்கத் தீர்வைச் சொற்களைத் தமிழாக்கும் நம் பேச்சில், பல இயந்திரங்கள் சேர்ந்து ஒரே வேலையைச் செய்யும் அமைப்பான "ஃபங்ஷனல் யூனிட்"டுக்குச் "செயல் அலகு" என்று ஏறக்குறைய முடிவாகிவிட்டது போலிருக்கிறது. கொஞ்சம் பொறுங்கள். மன்னார்குடிப் பக்கம் எங்கள் சித்தப்பாவின் அரிசி ஆலைக்கு வெளிநாட்டிலிருந்து கலர் சார்ட்டர் (நிறம் பார்த்து அரிசியைப் பிரிக்கும் இயந்திரம்) இறக்கி, தீர்வையில் தகராறாகி, அந்த மேல்முறையீட்டை அவர் படிக்கட்டுமே என்று தமிழில் எழுதிக் கொடுத்தேன். "செயல் அலகு" வந்த இடத்தில் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "அலகா? எந்தக் கொக்குக்குடா?" என்றார்.

சிரிப்பு இருக்கட்டும், விஷயம் இதுதான். சார்ட்டர், அதற்குக் காற்று கொடுக்கும் கம்ப்ரசர், டேங்க், குழாய் எல்லாம் ஒரே பில் ஆஃப் என்ட்ரியில், அதாவது சுங்கத்தில் தாக்கல் செய்யும் ஒரே இறக்குமதிப் படிவத்தில், வந்தன. தானியம் பிரிக்கும் இயந்திரம் என்று மொத்தத்தையும் தீர்வைப் பட்டியலின் 8437ஆம் தலைப்பில் காட்டினோம். துறைமுகத்தில் கம்ப்ரசரை மட்டும் தனியே பிரித்து, கம்ப்ரசர்களுக்கான 8414இல் போட்டுவிட்டார்கள். சார்ட்டர் ஓடும்போது பக்கத்தில் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும்: அரிசி சரிவில் இறங்கும், கேமரா கறுப்பு அரிசியைக் கண்டதும் பொடி வால்வு ஒன்று திறந்து காற்று அதைத் தட்டிவிடும், டக் டக்கென்று சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். காற்று நின்றால் கறுப்பும் வெள்ளையும் ஒரே மூட்டையில்தான்.

தீர்வைப் பட்டியலின் 16ஆம் பிரிவு, 4ஆம் குறிப்பு இதற்காகவே இருக்கிறது. தனித்தனியாக நின்றாலும் சரி, குழாயாலோ மின்கம்பியாலோ இணைந்திருந்தாலும் சரி, பல இயந்திரங்கள் சேர்ந்து 84, 85ஆம் அத்தியாயங்களில் வரும் திட்டமான ஒரு வேலையைச் செய்வதற்கென்றால், மொத்தமும் அந்த வேலைக்குரிய தலைப்புக்குப் போகும். பட்டியலுக்கான விளக்கக் குறிப்பில் பாசன அமைப்பையே எடுத்துக்காட்டாகச் சொல்கிறார்கள்: வடிகட்டி, வால்வு, பூமிக்கடியில் குழாய், மேலே குழாய், எல்லாம் சேர்த்து 8424. ஆக, உருப்படி பல, வேலை ஒன்று. "அலகு" என்றால் இதில் "பல" காணாமல் போகிறது. கமிஷனரிடம் முறையிட 60 நாள்தான் கெடு, தகராறுத் தீர்வையில் 7.5 சதவீதம் கட்டியிருக்கவும் வேண்டும். இவ்வளவு செலவழிக்கிற ஆளுக்கு எதற்காக வழக்காடுகிறோம் என்பது சொல்லிலேயே தெரிய வேண்டாமா?

தஞ்சாவூர்க்காரனுக்கு முதலில் தோன்றுவது "மேள செட்"தான். நாயனம், தவில், ஒத்து, தாளம், எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே அட்வான்ஸ். ஆனால் "செட்" எடுபடாது. சில்லறை விற்பனைக்கென்று செட்டாகக் கட்டி வரும் பொருளுக்கு வகைப்பாட்டு விதி 3(ஆ) ஏற்கெனவே அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டது. அங்கே "தொகுப்பு" என்று வைத்தால் இங்கே அதுவும் ஆகாது. "தொகுதி" என்றால் எங்கள் ஊரில் எம்.எல்.ஏ. ஞாபகம்தான் வரும், அதோடு "வினைத்தொகுதி" என்று எழுதினால் தமிழாசிரியர்கள் வினைத்தொகை என்று திருத்திவிடுவார்கள்.

அதனால் "ஒருவினைக் கூட்டு". பூசணிக்காய்க் கூட்டா என்று யாராவது கேட்பீர்கள், கேளுங்கள். எனக்கு இதில் பிடித்தது, வாதாடும்போது வாய்க்கு வருவது: "கம்ப்ரசர் கூட்டில் சேருமா, சேராதா?" இதையே "அலகில் சேருமா" என்று சொல்லிப் பாருங்கள். பிரித்துக் கட்டி வந்த ஒரே இயந்திரம், விதி 2(அ)வில் வருவது, அது வேறு. அதைக் கூட்டு என்று யாரும் நினைக்கப் போவதில்லை.

ஒன்று மட்டும் எனக்கு அகப்படவில்லை. கூடவே வந்தும் அந்த வேலையில் பங்கில்லாத உபரி இயந்திரங்களை விளக்கக் குறிப்பு வெளியே நிறுத்துகிறது. மேளக்காரர்களைக் கூட்டிவரும் வேன் டிரைவர் மாதிரி: பந்தியில் இலை உண்டு, மேளத்தில் சேர மாட்டார். "துணைப்பொறி" என்றால் அதுவும் கூட்டில் சேர்ந்ததுபோல் கேட்கிறது. "புறத்துணை" என்று எழுதி அடித்துவிட்டேன். யாருக்காவது நல்ல சொல் தோன்றினால் திங்களுக்குள் சொல்லுங்கள், அன்றைக்குத்தான் பிரதியை சித்தப்பாவிடம் மறுபடி கொடுக்கிறேன்.