கொடியை இறக்கியவர்: எங்கள் குடும்பக் குழுவில்

பெரியப்பா: இன்று மே 30. 1941-ல் இதே தேதி இரவுதான், ஜெர்மனி பிடித்துவைத்திருந்த கிரேக்கத்தின் தலைநகர் ஏதென்ஸில் இரண்டு மாணவர்கள் அக்ரோபொலிஸ் என்ற பழைய குன்றுக்கோட்டை மேல் ஏறி நாஜிக் கொடியை இறக்கினார்கள். மனோலிஸ் கிளெசோஸ், அப்போஸ்தலோஸ் சாந்தாஸ். ஒருவருக்கு 18 வயது, இன்னொருவருக்கு 19.

தம்பி: மேலே காவல் இருந்திருக்குமே பெரியப்பா?

பெரியப்பா: இருந்தது. அதனால் வாசல் பக்கமே போகவில்லை. நூலகத்தில் உட்கார்ந்து படித்து, பாறைக்குள் போகும் ஒரு குகை வழியைக் கண்டுபிடித்தார்கள். கையில் துப்பாக்கி கிடையாது. ஒரு கத்தி, ஒரு லாந்தர் விளக்கு, அவ்வளவுதான்.

அத்தை: ஐயோ! அப்புறம் பிடிபட்டார்களா அண்ணா?

பெரியப்பா: அன்றைக்கு இல்லை. ஆள் யாரென்றே தெரியாமல் மரண தண்டனை அறிவித்தது ஜெர்மன் படை. ஆனால் கிளெசோஸை 1942-ல் வேறொரு விஷயத்தில் பிடித்துச் சித்திரவதை செய்தார்கள். சிறையில் காசநோயும் வந்துவிட்டது.

அக்கா: அவருடைய தம்பி கதையைச் சொல்லுங்கள் பெரியப்பா. எனக்கு அதுதான் மனதை விட்டுப் போகவே இல்லை.

பெரியப்பா: நீயே சொல்லம்மா.

அக்கா: தம்பி பெயர் நிகோஸ், 19 வயது. 1944 மே 10 அன்று ஜெர்மன் படை சுட்டுக்கொல்லக் கொண்டுபோகும்போது, தொப்பியின் உள்துணியில் அம்மாவுக்கு நாலு வரி எழுதி வண்டியிலிருந்து வீசியிருக்கிறான். அது எப்படியோ வீட்டுக்கு வந்து சேர்ந்துவிட்டது.

அத்தை: அந்தத் தாய் எப்படித் தாங்கினாளோ.

தம்பி: போர் முடிந்ததும் மரியாதை செய்திருப்பார்கள்தானே?

பெரியப்பா: அதுதான் கொடுமை. உள்நாட்டுப் போர் மூண்டது. கிளெசோஸ் இடதுசாரி. 1948-லும் 1949-லும் சொந்த நாட்டு நீதிமன்றமே மரண தண்டனை விதித்தது. உலகம் முழுக்க எதிர்ப்பு கிளம்பியதால் 1950-ல் ஆயுள் தண்டனையாகக் குறைத்தார்கள். 1951-ல் சிறையில் இருந்தபடியே எம்.பி. ஆனார்!

தம்பி: உள்ளே இருந்தேவா?

பெரியப்பா: ஆமாம். ஜெயித்த கையோடு உண்ணாவிரதம். சிறையிலும் தீவுகளிலும் அடைபட்ட சக எம்.பி.க்களை விடச் சொல்லி. 1954-ல் வெளியே வந்தார். 1958-ல் உளவாளி என்று மறுபடி சிறை. 1967-ல் ராணுவ ஆட்சி வந்ததும் மறுபடி, 1971 வரைக்கும்.

அக்கா: பள்ளிப் புத்தகமாக இருந்தால் கொடியோடு நிறுத்திவிடுவார்கள். எனக்கு அதற்குப் பின்னால் வந்த வருஷங்கள்தான் பெரிதாகத் தெரிகிறது. ஒரு ராத்திரி துணிச்சல் வரலாம், இத்தனை வருஷம் வருமா?

பெரியப்பா: சரியாகச் சொன்னாய். அறுபது வயதைத் தாண்டிய பிறகு சொந்த ஊரான அபிராந்தோஸுக்குப் போய், நக்சோஸ் தீவில் இருக்கிறது, ஊர் சபையே எல்லாவற்றையும் முடிவு செய்யும்படி நடத்திப் பார்த்தார். 2014-ல் 91 வயதில் ஐரோப்பிய நாடாளுமன்றம் போனதே ஜெர்மனியிடம் போர் இழப்பீடு கேட்கத்தான்.

தம்பி: இத்தனை காலம் கழித்து யார் கொடுப்பார்கள் பெரியப்பா?

பெரியப்பா: கொடுக்கவில்லை. முடிந்துபோன விஷயம் என்பது ஜெர்மனியின் பதில். ஆனால் ஆக்கிரமிப்புக் காலத்தில் கிரேக்க வங்கியிடமிருந்து கட்டாயமாக எடுத்த கடனே 47.6 கோடி ரைக்ஸ்மார்க், அதாவது அன்றைய ஜெர்மன் பணம். டிஸ்டோமோ என்ற ஊரில் மட்டும் 1944 ஜூன் 10 அன்று 218 பேரைக் கொன்றார்கள். இதையெல்லாம் எப்படி முடிந்தது என்பது? 2020 மார்ச்சில் 97 வயதில் சாகும்வரை அவர் விடவில்லை.

அத்தை: கேட்டது நியாயம்தான் அண்ணா. வாங்கின கடன் கடன்தானே.