ஹார்ஸ் மியூசிக், அதான் மை லிட்டில் போனிங்கிற குதிரைக் கார்ட்டூனை வெச்சு ரசிகர்கள் பண்ற பாட்டு, கேட்ட ஆளுங்க யாராவது இருக்கீங்களா?

மை லிட்டில் போனி பாட்டுன்னு சொன்னாலே சிரிக்கிறாங்க, சிரிச்சுட்டுப் போகட்டும். நான் கார்ட்டூனுக்காக உள்ள வந்தவனே இல்ல. 2012 வாக்குல யூடியூப்ல டப்ஸ்டெப்னு ஒரு எலக்ட்ரானிக் மியூசிக் தேடிட்டு இருந்தப்போ ஊதாக் கண்ணாடி போட்ட ஒரு வெள்ளைக் குதிரை தம்ப்நெயில்ல வந்துச்சு, பின்னாடி நியான் கலர், ஈக்வலைசர் எகிறுது, க்ளிக் பண்ணவன் தான், அப்புறம் வேற எதுவும் கேக்கல.

அது டிஜே போன்-3, வினைல் ஸ்க்ராட்ச்னும் சொல்வாங்க. முதல் சீசன்ல ஒரு ஃபேஷன் ஷோ சீன்ல கொஞ்ச நேரம் தலையாட்டிட்டுப் போவா, ஒரு வார்த்தை பேச மாட்டா. அதை வெச்சே ரசிகர்கள் அவளுக்கு ஒரு குடும்பமே நடத்திட்டாங்க, செல்லோ வாசிக்கிற ஆக்டேவியாவும் அவளும் ஒரே வீட்ல இருக்காங்கன்னு. 2015ல 100வது எபிசோட்ல கார்ட்டூன்காரங்களே அதை எடுத்துக்கிட்டாங்க, வீட்ல பாதி கிளாசிக்கல் பாதி டிஜே செட்டப், ரெண்டு பேரும் சேர்ந்து வாசிப்பாங்க. அன்னைக்கு நான் போட்ட சத்தத்துக்கு அம்மா ரூமுக்கே வந்துட்டாங்க.

—

பாஸ், பாட்டு பண்ற சாஃப்ட்வேர் எஃப்எல் ஸ்டுடியோவை நான் தொட்டதே இதனால தான். எபிசோடோட 5.1 சரவுண்ட் ஆடியோ கிடைச்சா சென்டர் சேனல்ல வாய்ஸ் பெரும்பாலும் தனியா இருக்கும், அதை உருவி வெட்டி பீட்ல போடுறது, ஃபைலை ஃப்ரீயா டவுன்லோடுக்கு விடுறது, நல்லா இல்லேன்னா கேக்குற ரசிகர்கள் மூஞ்சிக்கு நேரா சொல்வாங்க, ஆனா எப்படி சரி பண்றதுன்னும் அவங்களே சொல்வாங்க. தி லிவிங் டூம்ஸ்டோனை இப்ப ஃபைவ் நைட்ஸ் அட் ஃப்ரெடிஸ்ங்கிற பேய் கேமோட பாட்டுக்காரர்னு தான் பசங்களுக்குத் தெரியும், ஆரம்பம் போனி ரீமிக்ஸ் தானேன்னு சொன்னா நம்ப மாட்டேங்கிறானுங்க.

—

2019 ஆகஸ்ட்ல பால்டிமோர்ல போனி ரசிகர்கள் கூடுற ப்ரோனிகான் விழாவுக்கு, அதோட கடைசி வருஷம், போனேன், மச்சான் அந்த ஊர் பக்கத்துல தான் இருக்கான், அவனையும் இழுத்துட்டுப் போனேன். 2011ல நியூயார்க்ல நூறு பேர் அளவுல ஆரம்பிச்சது, கடைசியில 10,000 பேருக்கு மேல. பகல்ல பேனல், ஆட்டோகிராஃப் எல்லாம் எனக்கு போர் தான், ராத்திரி கச்சேரிக்குத் தான் காசு. குதிரைக் காது மாட்டிக்கிட்டு தாடிக்காரங்க எல்லாம் பாட்டு வரி மாறாம கத்துறாங்க, "என்னடா இது"ன்னு முறைச்சிட்டு இருந்த மச்சான் மூணாவது பாட்டுல குதிச்சிட்டு இருந்தான். அதே வருஷம் அக்டோபர்ல அந்தக் கார்ட்டூன் சீரியலும் முடிஞ்சிருச்சு.

இப்ப பழைய பாட்டு பாதிக்கு லிங்கே வேலை செய்யல, சேனலையே அழிச்சிட்டுப் போனவங்க நிறைய. 2011-13 ஃபைல் ஹார்ட் டிஸ்க்ல வெச்சிருக்கவங்க இருந்தா ஒரு டிரைவ்ல ஏத்தி விடுங்கப்பா, எம்பி3யா இருந்தாலும் பரவால்ல.