கடைக்குக் கொம்பியூட்டர் வந்தும் வேலை குறையவில்லை, வழி சொல்லுங்கள்
வணக்கம் அண்ணாமார், அக்காமார். புறக்கோட்டையில் எங்கள் மொத்தத் துணிக்கடைக்கு பில் போடக் கொம்பியூட்டர் வாங்கியாயிற்று, ஆனால் பெடியன் காபன் தாள் வைத்து பில் புத்தகத்தில் எழுதிவிட்டு அதையே திரும்ப டைப் பண்ணுகிறான். மின்சாரம் வந்த காலத்திலும் இதே கதைதான்: 1882இல் எடிசன் நியூயோர்க்கில் மின்நிலையம் திறந்தும், அமெரிக்கத் தொழிற்சாலைகளின் உற்பத்தித்திறன், அதாவது ஒருவர் ஒரு மணிநேரத்தில் செய்து முடிக்கும் வேலை, நன்றாக ஏறியது 1920களில்தான். ஒரே பெரிய நீராவி இயந்திரம் எல்லாவற்றையும் ஓட்டுவதற்காகக் கட்டிய தொழிற்சாலை அமைப்பைக் கைவிட்டு, ஒவ்வொரு இயந்திரத்துக்கும் தனி மோட்டர் வைத்த பிறகுதான் என்று பொருளியலாளர் போல் டேவிட் 1990இல் விளக்கினார். எங்கள் கடையிலும் மாற வேண்டியது வேலை முறைதான்.

பில் புத்தகத்தை முழுதாக நிறுத்திய கடைக்காரர் யாராவது இருக்கிறீர்களா? கரண்ட் போனால் என்ன செய்கிறீர்கள், பழைய கணக்குப்பிள்ளையை மனம் நோகாமல் எப்படிப் பழக்கினீர்கள்? அப்புறம், ஒருவரின் ஒரு மணிநேர வேலையை பில் எண்ணிக்கையில் அளப்பதா, விற்பனைத் தொகையிலா?