மக்கள் தொடர்புத் துறையில் பாலின ஆய்வு: எலிசபெத் டோத் போன பாதையில் பிஎச்.டி. செய்ய எங்கே தொடங்குவது?

கேள்வி

வணக்கம். பி.ஆர். (மக்கள் தொடர்பு) துறையில் ஆண்–பெண் சம்பள வித்தியாசம் பற்றி பிஎச்.டி. செய்ய உத்தேசம். அமெரிக்காவில் எலிசபெத் டோத், லரிசா கிரூனிக் இருவரும் இதையே வாழ்நாள் ஆய்வாக எப்படிக் கொண்டுபோனார்கள்? சர்வே எடுத்தால் எங்கே சறுக்கும்?

மறுமொழி 1

டோத் பர்டூவில் பிஎச்.டி. முடித்தவர். சிராக்யூஸில் பாடம் நடத்தினார், பிறகு மேரிலாந்தில் துறைத் தலைவரானார். ஆனால் பதவிகளை விட நூல்வரிசையைப் பாருங்கள். 1986இல் கரோலின் கிளைன் குழுவோடு ‘வெல்வெட் கெட்டோ’ அறிக்கை. பெண்கள் பெரும்பான்மையாகும்போது துறையின் சம்பளமும் மதிப்பும் என்னவாகும் என்பதே அதன் கேள்வி. 1989இல் அதன் தொடர்ச்சி. 2001இல் கிரூனிக், லிண்டா ஹான் இருவரோடும் ஒரு நூல். 2002இல் லிண்டா அல்டூரியோடு சம்பளக் கட்டுரை, 2021இல் அவரோடே இன்னொரு நூல். 35 ஆண்டுகளாக ஒரே கேள்வி, கூட்டாளிகள் மட்டும் மாறினார்கள்.

1986 அறிக்கைக்குப் பின்னால் இருந்தது ஐ.ஏ.பி.சி. என்ற தொழில்முறைச் சங்கத்தின் ஆய்வு நிதியம். சங்கம் கைகொடுத்தால் உறுப்பினர் பட்டியலும் கிடைக்கும். கூடவே வருகிற சிக்கல்: சந்தா கட்ட முடியாதவர்களும் பகுதிநேரக்காரர்களும் அந்தப் பட்டியலில் இருக்க மாட்டார்கள். இடைவெளி இருப்பதைவிடச் சின்னதாகத் தெரியலாம்.

கிரூனிக் செய்தது வேறு வேலை. கணவர் ஜேம்ஸோடு சேர்ந்து 1989இல் பி.ஆர். ஆய்வுக்கென ஓர் ஆண்டு மலரைத் தொடங்கினார், 1992இல் அது ஆய்விதழானது. கட்டுரை எழுதுவதோடு, அது வெளியாக ஓர் இடத்தையும் உருவாக்கினார்.

மறுமொழி 2

சர்வே பற்றி. சம்பளத்தை அடுக்குகளாகக் கேட்காதீர்கள். கடைசி அடுக்கு ‘இதற்கு மேல்’ என்று திறந்தே கிடக்கும். இடைவெளி பெரிதாக இருக்கக்கூடிய உச்சிப் பதவிக்காரர்கள் எல்லோரும் அதற்குள் ஒன்றாகிவிடுவார்கள். சரியான தொகையைக் கேட்டு, மடக்கை (லாக்) எடுத்து ரிக்ரெஷனில் போடுங்கள், அதாவது ஒவ்வொரு காரணியும் சம்பளத்தை எவ்வளவு மாற்றுகிறது என்று பிரித்துக் காட்டும் புள்ளியியல் கணக்கில்.

‘எத்தனை வருட அனுபவம்?’ என்ற கேள்வியும் போதாது. பி.ஆரில் வேலை செய்த வருடங்கள் தனி, நடுவில் விட்ட மாதங்கள் தனி. அல்டூரி–டோத் கட்டுரையில் அனுபவம், வயது, வேலை இடைவெளி, கல்வி நான்கையும் கணக்கில் எடுத்த பிறகும் வித்தியாசம் நின்றது. அந்தக் கட்டுரைக்கு வலுவே அதுதான்.

கேள்வி கேட்டவர்

நன்றிங்க. முடிவெடுக்கும் மேலாளரா, எழுத்து, எடிட்டிங் போன்ற வேலையைச் செய்யும் டெக்னீஷியனா என்ற பணிப் பாத்திரத்தையும் கட்டுப்பாட்டு மாறியாக (அதன் விளைவைக் கழித்துப் பார்க்கும் காரணியாக) சேர்க்கலாமா?

மறுமொழி 2

பலர் வழுக்கி விழும் இடமே அது. பெண்ணை மேலாளராக்காமல் வைத்திருப்பதும் பாகுபாடுதான். பாத்திரத்தைக் கட்டுப்படுத்தினால் அந்தப் பங்கு கணக்கிலிருந்து காணாமல் போய்விடும், ‘வித்தியாசமே இல்லை’ என்றுகூட முடிவு வரலாம். பாத்திரம் இல்லாமல் ஒரு மாடல், சேர்த்து ஒரு மாடல் போட்டு இரண்டையும் அட்டவணையில் காட்டுங்கள். பாலினக் கெழு (பாலினத்தால் வரும் சம்பள வித்தியாசத்தைக் காட்டும் எண்) எவ்வளவு சுருங்குகிறது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. பாத்திரத்தை விட்டதற்கு மதிப்பீட்டாளர் ஆட்சேபித்தாலும் இரண்டாவது மாடல் கையில் இருக்கும்.

மறுமொழி 3

பாத்திரத்தை அளக்கும் கருவியிலேயே தகராறு உண்டு. பி.ஆர். ஆய்வாளர் கிளென் புரூம் வகுத்தது நான்கு பாத்திரங்கள், 24 வினாக்கள். இன்னொரு ஆய்வாளர் டேவிட் டோசியர் அதை மேலாளர், டெக்னீஷியன் என்று இரண்டாகச் சுருக்கினார். 1991இல் பெண்ணிய ஆய்வாளர் பமேலா கிரீடன் இதைப் பிடித்துக்கொண்டார்: இப்படிப் பிரித்தால் பெண்கள் அதிகம் செய்கிற எழுத்து, எடிட்டிங் வேலை கீழ்த்தரமாகிவிடும் என்றார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஆகவே 24 வினாக்களையும் கேட்டுவிடுங்கள். பிறகு இரண்டாகச் சுருக்கிக்கொள்ளலாம், இரண்டு மட்டும் கேட்டால் நான்காக விரிக்க வழியில்லை.

குழு விவாதம் வைத்தால் ஒரே நிறுவனத்து மேலதிகாரியையும் கீழே வேலை செய்பவரையும் சேர்த்து உட்கார வைக்காதீர்கள், சம்பளப் பேச்சே வாய்க்கு வராது. கூடவே மியூனிக் பேராசிரியர் ரோமி ஃபுரோலிக் 2004இல் எழுதிய ‘நட்புப் பொறி’ வாதத்தைப் படியுங்கள். பெண்களுக்கு இயல்பிலேயே பேச்சுத் திறன் உண்டு என்ற புகழ்ச்சி வேலை வாங்கித் தரும். பதவி உயர்வு நேரத்தில் அதே குணம் ‘உறுதி போதாது’ என்று எதிராகத் திரும்பும். இதைச் சர்வேயில் பிடிப்பது கஷ்டம், நேர்காணலில் பிடிக்கலாம்.