புதுப்பிப்பு: ஊக்க ஊதிய உயர்வு ரத்து – ரிட் மனுவில் கேட்க வேண்டியது என்ன?

10.03.2020 தேதியிட்ட அரசாணை 37, தமிழக அரசு ஊழியர்களின் உயர்கல்விக்கான முன் ஊதிய உயர்வை (ஊக்க ஊதிய உயர்வை) ரத்து செய்தது பற்றி முன்பு எழுதியிருந்தேன். தணிக்கைத் தடை (கணக்குத் தணிக்கையில் எழுப்பப்படும் ஆட்சேபணை) காட்டி, ஏற்கெனவே வழங்கிய ஊதிய உயர்வையும் பறித்தால் என்ன செய்வது எனப் பலர் கேட்டதால், உயர் நீதிமன்றத்தில் அந்தக் குறைப்பை எதிர்த்துப் போடும் ரிட் மனு பற்றி இந்தச் சேர்க்கை.

முதலில் நோட்டீஸ் வந்ததா என்று பாருங்கள். விளக்கம் கேட்காமல் ஊதியத்தைக் குறைப்பது இயற்கை நீதிக்கு முரண் என்று பகவான் சுக்லா வழக்கில் (1994) உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் இந்த வாதம் மட்டும் போதாது; நோட்டீஸ் கொடுத்துவிட்டு அதே ஆணையை மறுபடி போடுவார்கள். உயர்வு வழங்கிய செயல்முறை ஆணை, பணிப்பதிவேட்டின் அந்தப் பக்கம், பட்டம் பெற்ற தேதிக்கான சான்று மூன்றையும் மனுவோடு இணையுங்கள்.

ஊதியக் குறைப்பும், கூடுதலாக வழங்கிவிட்டதாகச் சொல்லும் பணத்தைத் திரும்பப் பிடிக்கும் பிடித்தமும் வேறு வேறு. ரஃபீக் மசீ தீர்ப்பு (2014) பிடித்தத்தைத்தான் தடுக்கும்: சி, டி பிரிவினர் (கீழ்நிலைப் பணியாளர்கள்), ஓய்வு பெற்றவர்கள், ஓராண்டுக்குள் ஓய்வு பெறுவோர், ஐந்தாண்டுக்கு மேல் கூடுதலாகப் பெற்றவர்கள் போன்றோருக்கு. ஊதிய உயர்வை அது மீட்டுத் தராது. ஆகவே ஊதியத்தைக் குறைத்த ஆணையை ரத்து செய்யவும், பிடித்ததைத் திருப்பித் தரவும் தனித்தனியே கேளுங்கள். இடைக்காலத் தடை மனுவையும் சேர்த்தே போடுங்கள்.

'கூடுதலாகப் பெற்றால் திருப்பித் தருகிறேன்' என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்திருந்தால் வழக்கறிஞரிடம் மறைக்காதீர்கள். அப்படி எழுதிக் கொடுத்தவர் அதற்குக் கட்டுப்பட்டவர் என்று சொல்லும் ஜகதேவ் சிங் தீர்ப்பை (2016) அரசுத் தரப்பு உடனே எடுத்து நீட்டும்.