பொழுதுபிறழ்வு: ஒரு கற்பனை நோய்க்குப் பெயர் தேடி

மதிப்பிற்குரிய நண்பர்களுக்கு வணக்கம்.

கிருஷ்ணகிரி நண்பர் தம் அறிவியல் புனைகதைக்காகப் படைத்திருக்கும் நோய்க்குத் தமிழ்ப் பெயர் கேட்டிருந்தார். ஓசூரில் இரவு ஷிப்டு வேலை பார்க்கும் ஓர் இளைஞனின் உடலில் ஒவ்வோர் உறுப்பும் தனித்தனி நேரத்தில் வாழத் தொடங்குகிறது. கல்லீரலுக்கு நண்பகலாக இருக்கையில் மூளைக்கு நள்ளிரவு. பசியும் தூக்கமும் ஒன்றையொன்று அறியாமல் வந்து போகின்றன. இதற்குக் காலமயக்கம், உயிர்க்கடிகாரச் சீர்குலைவு, நேரக்குருடு என மூன்று சொற்கள் இதுவரை வந்துள்ளன. மூன்றும் என் மனத்துக்கு ஒப்பவில்லை. பொழுதுபிறழ்வு என்ற சொல்லை முன்வைக்கிறேன்.

இந்தச் சொல் எனக்கு அகராதியிலிருந்து வரவில்லை. பாலக்கோட்டுக்கு அருகிலுள்ள எங்கள் ஊரில், கண்பார்வை முற்றிலும் போன பிறகு எங்கள் ஆயா சில வாரங்கள் ஊரோடு ஒத்து எழுவார். பிறகு எழும் நேரம் நாளுக்கு நாள் தள்ளிப்போய், பகலெல்லாம் உறங்கி, நள்ளிரவில் சாணம் கரைத்து வாசல் தெளிப்பார். வாளியின் காது கணீரென்று விழும் ஓசை கேட்டு அம்மா எழுந்து போய், "அத்தே, இன்னும் பொழுது விடியலே" என்று கையைப் பிடித்து உள்ளே அழைத்து வருவார். இன்னும் சில வாரங்களில் எல்லாம் தானாகச் சரியாகி, மறுபடியும் தொடங்கும். "ஆயாவுக்குப் பொழுது தெரியாமப் போச்சு" என்பார்கள் அக்கம்பக்கத்தார். பின்னாளில் விலங்கியல் படித்து, அதையே பள்ளியில் கற்பிக்கவும் தொடங்கிய பிறகுதான், மனித உடலின் உள்நாள், அதாவது உடல் தனக்குள்ளே வைத்திருக்கும் ஒரு நாளின் அளவு, 24 மணி நேரத்தைவிடச் சற்றே நீண்டது என்பதும், கண்வழியே வரும் வெளிச்சம்தான் அதை அன்றாடம் திருத்துகிறது என்பதும், அந்த வெளிச்சம் நின்றுபோனால் உள்நாள் சிறிது சிறிதாகப் பின்னுக்கு நகர்ந்துகொண்டே போகும் என்பதும் எனக்கு விளங்கின. அக்கம்பக்கத்தார் சொன்ன சொல் நோயின் வேரையே தொட்டிருக்கிறது.

ஏனெனில், தமிழில் பொழுது என்பது நேரத்தை மட்டுமன்றிக் கதிரவனையும் குறிக்கும். பொழுது கிளம்பியது, பொழுது சாய்ந்தது என்கிறோம்; காலம் சாய்ந்தது என்று எவரும் சொல்வதில்லை. சிறுபொழுதை வைகறை, காலை, நண்பகல், எற்பாடு, மாலை, யாமம் எனப் பகுத்த நம் இலக்கண மரபிலும் வெளிச்சத்தின் நிலையே எல்லைக்கல்லாக நிற்கிறது. எற்பாடு என்றால் எல் படுதல், அதாவது ஞாயிறு சாய்தல். நாழிகை அப்படியன்று. அது 24 நிமிடம், எந்த ஊரிலும் எந்தப் பருவத்திலும். உடல் அறிவது பொழுதை. கருவி அளப்பது நாழிகையை. 1959இல் ஃபிரான்ஸ் ஹால்பெர்க் என்ற அறிவியலாளர் உடலின் இந்த அன்றாடச் சுழற்சிக்கு circadian என்ற ஆங்கிலச் சொல்லை ஆக்கியபோதும் "ஏறத்தாழ ஒரு நாள்" என்று பொருள்படும் இலத்தீன் வேர்களையே எடுத்தார். அந்த "ஏறத்தாழ" என்ற நெகிழ்ச்சி பொழுது என்ற சொல்லுக்கு இயல்பாகவே உண்டு.

உயிர்க்கடிகாரம் நன்கு பரவிவிட்ட சொல் என்பதை மறுக்கவில்லை. ஆனால் கடிகாரம் என்றதும் ஒரே பொறிதான் கண்முன் வருகிறது. மூளையில் பார்வை நரம்புகள் குறுக்கிடும் இடத்துக்கு மேலே ஏறத்தாழ 20,000 நரம்பணுக்கள் கொண்ட தலைமை மையம் இருப்பது உண்மையே. என்றாலும், கல்லீரல் முதலிய உறுப்புகளின் உயிரணுக்களும் தத்தம் நேர ஒழுங்கை உடையவை, உண்ணும் வேளைக்கேற்ப அவை நகரவும் கூடும். நண்பரின் நோய் பிறப்பதே இந்தப் பன்மையிலிருந்துதான். மேலும், பொழுதறியும் இந்த ஆற்றல் மனிதன் பொறி செய்வதற்கு வெகுகாலம் முன்பே செடிகொடிகளில் இருந்தது. பிரெஞ்சு வானியலாளர் மைரான் 1729இல் தொட்டாற்சிணுங்கியை இருட்டறையில் வைத்தும் அதன் இலைகள் பகலில் விரிந்து இரவில் கூம்பக் கண்டார். அந்திக்கு இலை மடக்கும் மரத்துக்குத் தூங்குமூஞ்சி என்று பெயர் வைத்த நம்மவர் கண்ணும் அதே செயலைத்தான் கவனித்திருக்கிறது.

நேரக்குருடு என்ற சொல்லை நான் வன்மையாக மறுக்கிறேன். குறையைச் சொல்லி மனிதரை அழைக்கும் வழக்கம் நமக்கு வேண்டாம் என்பது ஒருபுறம். அறிவியல்படியும் அது பிழை. கண்ணில் உருவத்தைக் காண உதவும் உயிரணுக்கள் வேறு, வெளிச்சத்தின் அளவை மூளைக்குச் சொல்லும் உயிரணுக்கள் வேறு. ஆதலால் பார்வையற்றோர் சிலரின் உடல் பொழுதைச் செவ்வனே அறிகிறது.

காலமயக்கம் செவிக்கு இனிது. ஆயினும் மருத்துவமனையில் மயக்கம் என்றால் தலைசுற்றி விழுவதுதான். அதைப் பொழுதுமயக்கம் என்று திருத்தினாலும், பொழுது மயங்கும் வேளை என்று அந்தியை நினைப்பவர்களே மிகுதியாக இருப்பார்கள்.

பிறழ்வு என்பது தன் இடமும் முறையும் தவறுதல். இந்த நோயில் எதுவும் அழியவில்லை, நிற்கவும் இல்லை. எல்லாம் இயங்குகின்றன, ஆனால் முறை தவறி இயங்குகின்றன. மனப்பிறழ்வு என்ற சொல்லோடு இணைத்து இதை மனநோய் என்று எண்ணிவிடுவார்களே என்று சேலத்து அம்மையார் தனிமடலில் கேட்டிருந்தார். அவர் அச்சம் நியாயமானது. முன்னொட்டாகப் பொழுது நிற்பதால் பிறழ்ந்தது எது என்பது தெளிவாகும் என்று நம்புகிறேன். பிறழ்சாட்சி என்ற சொல்லை எவரும் மனநோயோடு சேர்த்துப் பார்ப்பதில்லை அல்லவா?

பொழுதுப்பிறழ்வு என ஒற்று மிகுமா என்ற ஐயமும் எழலாம். பொழுது என்பது உயிர்த்தொடர்க் குற்றியலுகரம். வேற்றுமையிலும் வலி மிகாது. பொழுதுபோக்கு என்று எழுதுவதுபோலவே பொழுதுபிறழ்வு என்று எழுதலாம். இதே வேரிலிருந்து உடலின் நேர உணர்வுக்குப் பொழுதுணர்வு, அன்றாடச் சுழற்சிக்குப் பொழுதொழுங்கு, அத்துறைக்குப் பொழுதியல் எனக் கிளைகளும் தடையின்றி வருகின்றன. தனியே நிற்கும் கலைச்சொல்லைவிடக் கிளைவிடும் சொல்லையே நாம் தேர வேண்டும்.

நண்பரின் கதையில் மருத்துவர் அந்த இளைஞனின் தாயிடம் நோயின் பெயரைச் சொல்லும் இடம் ஒன்று உண்டு. அங்கே "உங்கள் மகனுக்குப் பொழுதுபிறழ்வு" என்று எழுதி, எண்பதைக் கடந்த என் அம்மாவிடம் படித்துக் காட்டினேன். "பொழுது மாறிப்போச்சா பையனுக்கு, ராவும் பகலும் தெரியலையா?" என்றார். அவருக்கு நான் வேறு விளக்கம் எதுவும் சொல்லியிருக்கவில்லை.

இனி ஒன்றுதான் பாக்கி. நோயுற்றவரைக் குறிக்கப் பொழுதுபிறழ்ந்தவர் என்பது எனக்கே நிறைவாக இல்லை. ஆளே தவறிவிட்டதுபோல ஒலிக்கிறது. அதற்கு மட்டும் நல்லதொரு சொல் தோன்றினால் எழுதுங்கள்.