பேர்விழுங்கிச் சதுப்புக்கு விதி வேணுமா, வேணாமா?

பெகுக்காரன்: நம்ம கூட்டுக்கதை உலகமான ஏழ்கழியில் தெற்குக் கழிமுகம் என் பொறுப்பு. வரைவு சுருக்கமாக இதுதான். பேர்விழுங்கிச் சதுப்புக்குள் போகிறவன் தன் பேரைச் சொல்லக் கூடாது, கூட வருகிறவனும் அவனைப் பேர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. சேறு கேட்டு வைத்துக்கொள்ளும். அன்று ராத்திரி அவன் அம்மா குரலிலேயே கூப்பிடும். "என்ன" என்று ஒரு தடவை குரல் கொடுத்தவன் தானாக எழுந்து உள்ளே நடந்துபோவான். கரையோரச் சனம் மட்டும் போய்த் திரும்பும், அவர்களுக்குச் சதுப்புக்கென்றே வேறு பேர் உண்டு. இந்தக் கடைசி வரியை வெட்டு என்கிறார் மோல்மேன் அண்ணன். ஏன் அண்ணே?

மோல்மேன்வாசி: தப்பிக்க வழியை நீயே எழுதிட்டா அப்புறம் என்னப்பா பயம்? நாயகன் ஒரு பொய்ப் பேரை வச்சுக்குவான், ஜம்முனு போய்ட்டு வருவான். சதுப்புன்னா யாருக்கும் பிடிபடக் கூடாது. பர்மா மேற்குக் கரையில இருக்கற ராம்ரீத் தீவுக் கதை தெரியும்ல? 1945ல பின்வாங்கின ஜப்பான்காரன் ஆயிரம் பேரு அலையாத்திக் காட்டுக்குள்ள போனான், வெளிய வந்தது இருபதுதான், மிச்சத்த முதலை தின்னுடுச்சு. அங்க என்ன விதி இருந்துச்சு?

தாழங்கரை: அண்ணே, அந்த முதலைக் கணக்கை வரலாற்று ஆசிரியர்கள் பலரும் ஒத்துக்கொள்வதில்லை. முதலை சிலரைப் பிடித்திருக்கலாம். பெரும்பாலானவர்கள் செத்தது குண்டடி, நோய், தாகம், தண்ணீரில் மூழ்கியது என்றுதான் சொல்கிறார்கள். சுற்றிலும் தண்ணீர், ஒரு வாய் குடிக்க முடியாது. அவர்களுக்கு அந்த இடம் தெரியாது, அவ்வளவுதான். தெரிந்தவனுக்கு அதே சேறுதான் சோறு போடுகிறது. பெகுக்காரன் தம்பி அந்த வரியை வெட்டவே கூடாது.

மோல்மேன்வாசி: அக்கா, நான் கேக்கறது மாய உலகம். நீங்க மீன்வளத்துறை அறிக்கை குடுக்கறீங்க.

தாழங்கரை: மாயம் நிற்கவும் தரை வேண்டாமா? ஐராவதி டெல்டாவில் போகலே பக்கம், கூரைக்குத் 'தனி' என்கிற சதுப்புப் பனையின் ஓலை வெட்டப் போகிறவர்களோடு ஒருநாள் போயிருந்தேன். படகை விட்டு இறங்கினதும் முழங்கால் வரை போய்விட்டது. காலை நேராக மேலே இழுத்தால் செருப்பு மட்டும் உள்ளே நின்றுவிடும். குதிகாலை அப்படியும் இப்படியும் அசைத்து, பக்கத்தில் தண்ணீர் இறங்க விட்டு, அப்புறம் மெதுவாக எடுக்கணும். வெறுங்காலோடு அடுத்த அடி வைத்தால், சேற்றுக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கும் அலையாத்தி மூச்சுவேர் ஆணி மாதிரி குத்தும். கூட வந்த அம்மா என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே வெற்றிலை மென்றபடி நடந்துபோனார்.

இன்னொன்று. சினிமாவில் காட்டுகிற மாதிரி புதைமணல் ஆளை முழுசாக விழுங்காது. நம் உடம்பு அதைவிட லேசு, இடுப்பளவோடு நின்றுவிடும். 2005இல் நேச்சர் இதழில் ஆய்வே வந்திருக்கிறது. ஆளைக் கொல்வது அடுத்து ஏறி வருகிற ஓதம், அதாவது கடலேற்றம். அதனால் தம்பி, உன் சேறு யாரையும் கொல்ல வேண்டாம். பேரை வைத்து ஆளை நிறுத்தி வைக்கட்டும், அது போதும்.

தட்டோன் தபால்: இது நல்லாருக்கு. ஆனா சதுப்புக்கு ஏதோ ஒண்ணு வேணுமே, எதுக்குக் கூப்பிடுது? டெல்டாவுல ஊ ஷின் ஜீ கதை இருக்கு. யாழ் வாசிச்ச பையன் மேல நீர்த் தேவதைங்க ஆசப்பட்டுச்சு, கப்பல் நகரல, கூட வந்தவங்களே அவனத் தண்ணியில விட்டுட்டாங்க. இப்ப அவனே அந்தத் தண்ணிக்கெல்லாம் காவல். நம்ம சதுப்பும் அப்படி யாரையாவது தேடிக்கிட்டு இருந்தா?

மோல்மேன்வாசி: அப்புறம் கரையில ஒரு கோயில் கட்டி, தேங்காயும் வாழைப்பழமும் வச்சு, முனீஸ்வரனயும் துணைக்கு உக்கார வைப்பீங்க. நல்லா வருவீங்க! எதையும் தேடாம, காரணமே இல்லாம கூப்பிடறதுதான் பயம். கொள்ளிவாய்ப் பிசாசுக்காவது அழுகல் வாயுன்னு காரணம் எழுதாம விடுங்கப்பா. சரி, என் பொய்ப் பேர் கேள்விக்கு யாருமே பதில் சொல்லல. பர்மாத் தமிழங்க நம்மள்ல முக்கால்வாசிப் பேருக்கு ரெண்டு பேரு. பள்ளிக்கூடத்துக்கும் அடையாள அட்டைக்கும் பர்மாப் பேரு, வீட்டுல தமிழ்ப் பேரு. அப்ப நாம எல்லாரும் கைய வீசிக்கிட்டுப் போய்ட்டு வந்துடலாமா?

தாழங்கரை: அட்டையில் என்ன எழுதியிருக்கிறது என்று சேறு பார்க்கப்போவதில்லை. தூக்கத்தில் எந்தப் பேரைச் சொன்னால் திரும்பிப் படுக்கிறோமோ அதுதான் அதற்கு வேணும். நேற்று வைத்த பொய்ப் பேருக்கு எவன் திரும்புவான்? கரையோரச் சனத்தின் சதுப்புப் பேர் பிறந்த அன்றைக்கே வைப்பது. அந்தப் பேரால் பகலில் மட்டும்தான் கூப்பிடுவார்கள், அதனால் ராத்திரிக் குரலுக்கு உடம்பு அசையாது. பழக்கம்தான், மந்திரமில்லை. வெளியூர்க்காரன் அதை ஒரு வாரத்தில் கற்றுக்கொள்ள முடியாது. உங்கள் நாயகனுக்கு வழி அடைத்தாச்சா அண்ணே?

பெகுக்காரன்: அக்கா, அதை அப்படியே எடுத்துக்கொள்கிறேன். ஏழ்கழி ராஜா காட்டை வெட்டிச் சதுப்பைத் தூர்த்து வயலாக்குகிற அத்தியாயம் ஒன்றும் பாக்கி இருக்கிறது. சதுப்பு போனால் கடல் நேரே ஊருக்குள் வரும். 2008 நர்கீஸ் புயலுக்கு அப்புறம் அதை யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

மோல்மேன்வாசி: வயல் அத்தியாயம் சரி. பேர் விஷயத்துல நான் இன்னும் எதிர்தான். அக்கா சொன்ன பழக்கம் ஒருத்தனயாவது கைவிடணும். ஐம்பது வருஷம் உள்ள போய் வந்த கிழவன், எல்லா முறையும் தெரிஞ்சவன், ஒரு ராத்திரி எழுந்து போயிடணும். ஏன்னு யாருக்கும் தெரியக் கூடாது. அத எழுதுனா கடைசி வரி இருக்கட்டும்.

தாழங்கரை: கிழவன் போகட்டும். காரணம் அவன் பெண்டாட்டிக்கு மட்டும் தெரியும் என்று வை தம்பி.

மோல்மேன்வாசி: அவளுக்கும் தெரியக் கூடாது!

பெகுக்காரன்: கிழவனை ஐந்தாம் அத்தியாயத்தில் வைத்திருக்கிறேன். பெண்டாட்டிக்குத் தெரியுமா தெரியாதா என்று ஞாயிற்றுக்கிழமைக்குள் மற்றவர்களும் சொல்லுங்கள். தட்டோன் தபால், ஓதம் ஏறும் நேரத்தை வரைபடத்தில் குறித்துக் கொடுங்க, கிழவன் கிளம்புகிற நேரத்தை அதை வைத்துத்தான் எழுதணும்.